ஊரிலேயே ஒரே ஒரு பத்திரம்

அன்பு மகனே,

நீ ரயிலேறி மூன்று நாள் ஆகிறது. நிஜாமுதீன் ஸ்டேஷனில் பெட்டிகளை உள்ளே வைத்துவிட்டு, கதவருகே வந்து நின்று, "மா, நிலம் எடுக்குற வேலை குடுத்திருக்காங்க. நீ சர்வீஸ் பூரா இந்த ஃபைலத்தான பாத்த? ஏதாவது சொல்லேன்" என்று கேட்டாய். நானும் வாயைத் திறந்தேன். வந்தது என்னவோ, "தயிர்சாதத்த மத்தியானத்துக்குள்ள சாப்பிட்டுரு, புளிச்சிரும்" என்பதுதான். வண்டி நகர்ந்துவிட்டது. உன் அப்பா வீட்டுக்கு வரும் வழியெல்லாம் இதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தார். ஆட்டோக்காரர் என்னவென்று கேட்க, அவருக்கும் ஹிந்தியில் விளக்கினார். அவரும் சிரித்தார்.

அதனால் எழுதுகிறேன். தமிழில் எழுதுவதற்குக் காரணம் உண்டு. இங்கிலீஷில் எழுதினால் லிஃப்ட் ஏறி இறங்குவதற்குள் படித்து முடித்து, பதிலுக்கு ஒரு கட்டைவிரல் படத்தை அனுப்பிவிடுவாய். தமிழ் என்றால் நீ எழுத்துக் கூட்டிப் படிக்கவேண்டும். ஒரு வாரமாவது ஆகும். இது ஒரு வாரம் உன் மண்டைக்குள் கிடக்கவேண்டிய விஷயம். இதையே இங்குள்ள நம் தமிழ்ச் சங்கத்து ஆண்டுமலருக்கும் கொடுத்துவிட்டேன். அவர்கள் கேட்டது அவியல் செய்முறை. உன் அப்பாவுக்கு இதில் இஷ்டமில்லை. "நம்ம வீட்டு லட்சணத்த அச்சடிச்சு வேற குடுக்கணுமாக்கும்" என்று முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டிருக்கிறார். நான் செய்த தப்பு ஒரு ஊரையே பாதித்த தப்பு. அதை வீட்டுக்குள் மட்டும் வைத்துக்கொள்வது சரியில்லை என்று எனக்குத் தோன்றுகிறது.

நீ சரோஜினி நகர் குவார்ட்டர்ஸில் பிறந்து, லக்ஷ்மிபாய் நகர் குவார்ட்டர்ஸில் மீசை முளைத்தவன். உன் அம்மா ஆபீஸுக்குப் போகிறாள், வருகிறாள், வரும்போது ஐ.என்.ஏ. மார்க்கெட்டில் முருங்கைக்காய் வாங்கி வருகிறாள் என்பதற்கு மேல் நீ கேட்டதில்லை. என் செக்‌ஷனுக்கு வந்த ஃபைல்களுக்கு எல்லாம் ஒரே ஜாதகம். அரசாங்கத்துக்கு யாரோ ஒருவருடைய நிலம் வேண்டும். அவர் கேட்கும் விலை ஒன்று, நாங்கள் கொடுக்கிறோம் என்று சொல்லும் விலை இன்னொன்று. நடுவில் நான். "கோரிக்கை மிகையானது, ஆதாரம் இல்லை" என்று குறிப்பு எழுதுவேன். மேலதிகாரிகள் கண்ணை மூடிக்கொண்டு கையெழுத்துப் போடுவார்கள். அவ்வளவு நல்ல பெயர் எனக்கு. ஒரு தடவை ஒரு விவசாயி தன் மண் எவ்வளவு நல்ல மண் என்று காட்டுவதற்காக முழங்கை நீளத்துக்கு நாலு முள்ளங்கியைக் கொண்டுவந்து என் மேஜைமேல் வைத்தார். நான் குறிப்பில், "மனுதாரர் சமர்ப்பித்த முள்ளங்கி பதிவேட்டில் சேர்க்க இயலாதது" என்று எழுதினேன். செக்‌ஷனே விழுந்து விழுந்து சிரித்தது. முள்ளங்கி நம் வீட்டுக்கு வந்தது. நீ சாம்பாரைச் சாப்பிட்டுவிட்டு இன்னும் கொஞ்சம் கேட்டாய்.

ரிடையர் ஆகப்போகும் நேரத்தில் குவார்ட்டர்ஸைக் காலி செய்யவேண்டுமே என்ற பயம் வந்தது. தில்லிக்குள் ஒரு குளியலறை வாங்கக்கூட நம்மிடம் பணம் இல்லை. எல்லை தாண்டி ஹரியானாப் பக்கம் ஒரு கிராமத்தில், சௌத்ரி என்று ஒருவரிடம், சின்னதாக ஒரு மனை பார்த்தோம். அந்த ஊரில் நிலம் கைமாறுவதற்கு ஒரு வழக்கம் இருந்தது. யாரும் கிரயப் பத்திரம் பதிவதில்லை. பவர் பத்திரம் எழுதிக்கொண்டு, பணத்தைக் கொடுத்துவிட்டு, லட்டு சாப்பிட்டுவிட்டுப் போவார்கள். எனக்கு வந்ததே கோபம்! நான் மத்திய அரசு ஊழியர், சட்டப்படி பதிவு செய்யாமல் ஒரு பிடி மண் வாங்கமாட்டேன் என்று ஒற்றைக்காலில் நின்றேன். சௌத்ரி தலையில் அடித்துக்கொண்டு ஒத்துக்கொண்டார்.

இனிமேல்தான் என் சாமர்த்தியம். பதிவு செய்தால் முத்திரைத்தாள் கட்டணம் உண்டு அல்லவா? அரசாங்கம் அந்த ஊருக்கு ஒரு அடிமட்ட விலை வைத்திருந்தது. சர்க்கிள் ரேட் என்பார்கள். உண்மையில் நாங்கள் பேசிய விலையில் அது மூன்றில் ஒரு பங்குகூட இல்லை. பத்திரத்தில் அந்த அடிமட்ட விலையையே எழுதினேன். மிச்சத்தை ரொக்கமாகக் கொடுப்பதாக ஏற்பாடு. ஐ.என்.ஏ. மார்க்கெட்டில் வாங்கிய பத்து கிலோ இட்லி அரிசிப் பைக்குள், அடியில் பணத்தை வைத்து, மேலே அரிசியைக் கொட்டி, வாயைத் தைத்து, உன் அப்பா பஸ்ஸில் மடியில் வைத்துக்கொண்டு போனார். பணத்தை எடுத்துக் கொடுத்துவிட்டு அரிசியைத் திருப்பிக் கொண்டுவரவேண்டும் என்று ஆயிரம் தடவை சொல்லி அனுப்பினேன். பயத்தில் பையோடு கொடுத்துவிட்டு வந்துவிட்டார். அந்த வாரம் முழுக்க நீ சப்பாத்தி சாப்பிட்டாய், காரணம் இதுதான்.

இரண்டு வருடம் கழித்து அந்த வழியாகப் புதுச் சாலை வருகிறது என்று நோட்டீஸ் வந்தது. நம் மனையும், சுற்றியுள்ள வயல்களும் போகின்றன. நீ அப்போது முகர்ஜி நகரில் சிவில் சர்வீஸ் பரீட்சைக்குக் கோச்சிங் வகுப்பே கதி என்று கிடந்தாய். சாலை வந்தது, இழப்பீடு வந்தது, ஃபிளாட் வாங்கினோம் என்று மட்டும் உன்னிடம் சொன்னோம். நடுவில் நடந்ததைச் சொல்லவில்லை.

நோட்டீஸ் வந்த மறுநாள் உன் அப்பா ஆளே மாறிவிட்டார். மண்ணுக்குத் தனி விலை, மரத்துக்குத் தனி விலை என்று நான் எப்போதோ வாய்தவறிச் சொல்லியிருந்தேன். நர்சரிக்குப் போய் இருபது எலுமிச்சங்கன்று வாங்கி வந்து நட்டுவிட்டார். பட்வாரி, அதாவது நம் ஊர் வி.ஏ.ஓ. மாதிரி, அளக்க வந்தார். மரங்களுக்கு என்ன வயது என்று கேட்டார். உன் அப்பா கண் இமைக்காமல், "அஞ்சு வருஷம்" என்றார். பட்வாரி குனிந்து ஒரு கன்றில் தொங்கிய நர்சரி விலைச்சீட்டை மெதுவாகப் பிய்த்து உன் அப்பா கையில் கொடுத்துவிட்டு, அடுத்த வயலுக்குப் போய்விட்டார்.

"அவனுவளுக்கு விவசாயத்தப் பத்தி என்ன தெரியும்" என்றார் உன் அப்பா.

அடுத்த வயல் ராம்பாலுடையது. காலிஃபிளவர் போடுகிறவர். என் வயதுதான் இருக்கும். நாங்கள் மனையைப் பார்க்கப் போகும்போதெல்லாம் பெஹன்ஜி, அக்கா, என்று கூப்பிட்டு டீ போட்டுக் கொடுப்பார். எங்களுக்கு நிலம் என்பது சும்மா வாங்கிப் போட்டுவைத்த மனை. அவருக்கு அதுதான் சோறு. வயல் முழுவதும் சாலைக்குள் போகிறது. கிடைக்கும் பணத்தில் இன்னும் உள்ளே தள்ளியாவது அதே அளவு நிலம் வாங்கிவிட்டால் விவசாயத்தைத் தொடரலாம், இல்லாவிட்டால் மகனோடு போய் மால் வாசலில் காவலுக்கு நிற்கவேண்டும் என்று சொல்லியிருந்தார்.

கிராமத்துப் பள்ளிக்கூட வராந்தாவில் முதல் விசாரணை. உன் வயதில் ஒரு அதிகாரி. கொடுக்கப்போகும் விலையைப் படித்தார். வராந்தாவில் ஒரே கூச்சல். எந்தக் காலத்து விலை இது, இந்த விலைக்கு எருமைகூட வராதே என்று ஆளாளுக்குக் கத்தினார்கள். அவர் பொறுமையாக, "சட்டப்படி, கடந்த மூணு வருஷத்துல பதிவான கிரயப் பத்திரங்களப் பாக்கணும். இந்த ஊர்ல பதிவானது ஒரே ஒரு பத்திரம். அதுல உள்ள விலைதான் இது" என்றார். யார் அந்த அறிவுகெட்ட ஆள் என்று யாரோ கேட்டார். அதிகாரி காகிதத்தைப் புரட்டி என் முழுப் பெயரை, உன் தாத்தா பெயரோடு சேர்த்து, தெளிவாகப் படித்தார்.

மகனே, கணக்கைப் பார். பவர் பத்திரம் எழுதிய அத்தனை பேரும் ஆட்டத்துக்கு வெளியே. சட்டத்தை மதிக்கிறேன் என்று பதிவு செய்தவள் நான் ஒருத்தி. பதிவு செய்ததில் பொய் எழுதியவளும் நான்தான். முழுக்க நேர்மையாக இருந்திருந்தால் ஊருக்கு நல்ல விலை கிடைத்திருக்கும். முழுக்கத் திருடியாக இருந்திருந்தாலும் என் பத்திரம் இருந்திருக்காது, பக்கத்து ஊர் விலையைப் பார்த்திருப்பார்கள். பாதி நேர்மையாக இருந்து ஒரு ஊரையே கவிழ்த்தேன்.

என்னை அடிக்க வருவார்கள் என்று நினைத்தேன். அடித்திருந்தால்கூடத் தேவலை. யாருக்கும் சந்தேகமே வரவில்லை. சௌத்ரிதான் இந்த மதராசி அம்மாவுக்கு மலிவாகத் தள்ளிவிட்டிருக்கிறார் என்று அவரைப் பிடித்துத் திட்டினார்கள். அவர் என்னைப் பார்த்தார். நான் பள்ளிக்கூடத்துக் கரும்பலகையைப் பார்த்தேன். ராம்பால் நேராக என்னிடம் வந்தார். "பெஹன்ஜி, நீங்க சர்க்கார்ல இருந்தவங்க. எங்களுக்கெல்லாம் சேத்து ஒரு அர்ஜி எழுதிக் குடுங்க. இந்த ஒரு பத்திரம் எப்பிடியாவது ஒழிஞ்சாப் போதும்" என்று கையெடுத்துக் கும்பிட்டார்.

ஆட்சேபம் எழுதிக் கொடுக்கப் பதினைந்து நாள் தவணை. உண்மை விலையைக் காட்டாத பத்திரத்தை ஒதுக்கிவிட அதிகாரிக்குச் சட்டமே இடம் கொடுக்கிறது. அது காட்டவில்லை என்று யாராவது சொல்லவேண்டும். அதைச் சொல்லக்கூடியவர்கள் உலகத்தில் மூன்றே பேர்: நான், உன் அப்பா, சௌத்ரி. வீட்டில் உன் அப்பா தெளிவாகச் சொல்லிவிட்டார். "இங்க பாரு, வாயத் தொறந்தேன்னா முத்திரைத்தாள் பணம், அபராதம் எல்லாம் கட்டணும். அது போவட்டும். ஆபீஸ்ல சொத்து வாங்கினதச் சொன்னியே, அதுலயும் இந்தப் பொய் வெலையத்தான எழுதின? பென்ஷன்ல கை வச்சான்னா என்ன செய்வ? பயலுக்குப் பரீட்ச வேற நெருங்குது. சவத்த விடு."

நான் விட்டேன். வெட்கத்தோடு சொல்கிறேன், விட்டுவிட்டேன். உண்மையைத் தவிர மற்ற எல்லாவற்றையும் போட்டுப் பதினொரு பக்கத்துக்கு ஒரு அர்ஜி எழுதினேன். மண்ணின் தரம், கிணற்றின் ஆழம், மெட்ரோ வரப்போகும் வாய்ப்பு, காலிஃபிளவரின் எடை. என் சர்வீஸிலேயே அவ்வளவு அழகாக ஒன்றும் எழுதியதில்லை. ஊரே கைநாட்டும் கையெழுத்துமாகப் போட்டுக் கொடுத்தது. எனக்கு ஒரு டப்பா நெய் கொடுத்தார்கள். அந்த நெய்யை உனக்கு அனுப்பினேன். நன்றாக இருக்கிறது என்று போன் செய்தாய். எனக்கு ஒரு சொட்டுகூட இறங்கவில்லை.

இரண்டாம் விசாரணையில் அதிகாரி பதினொரு பக்கத்தையும் படித்தார். நல்ல பிள்ளை, ஒரு பக்கத்தையும் தாண்டவில்லை. பிறகு ஓரத்தில் ஒரு வரி எழுதினார். என்னைப்போல செக்‌ஷனில் இருந்தவர்கள் எதிர்ப்பக்கத்திலிருந்து தலைகீழாகப் படிப்பதில் கெட்டிக்காரர்கள். "கோரிக்கை மிகையானது, ஆதாரம் இல்லை" என்று எழுதியிருந்தார். என் வரி! காற்புள்ளி, அரைப்புள்ளி மாறாமல் என் வரி. எந்த ஆபீஸுக்குப் போனாலும் அந்த வரி எனக்கு முன்னாலேயே போய் உட்கார்ந்திருக்கும் போலிருக்கிறது. ராம்பால் அதைப் படிக்கத் தெரியாமல், நல்ல சேதிதானே என்பதுபோல என்னைப் பார்த்துச் சிரித்தார்.

நான் எழுந்து நின்றேன். யோசித்து எழுந்தேன் என்று பெருமையடிக்கமாட்டேன். ராம்பாலின் அந்தச் சிரிப்பைத் தாங்கமுடியாமல் எழுந்தேன். "சார், ஆதாரம் நான்தான். அந்தப் பத்திரம் பொய். அதுல எழுதினதவிட மூணு மடங்குக்கு மேல குடுத்தேன்" என்றேன்.

"ஆண்ட்டிஜி, உக்காருங்க. தண்ணி குடிங்க. நீங்க என்ன சொல்றீங்கன்னு புரிஞ்சுதான் சொல்றீங்களா?" என்றார் அவர். உன் அப்பா பின்னாலிருந்து என் முந்தானையைப் பிடித்து இழுத்தார். சௌத்ரி துள்ளி எழுந்தார். அவருக்கும் வருமான வரிப் பயம் இருக்காதா? "ஜூட்! பச்சைப் பொய்! பத்திரத்துல இருக்குறதத் தவிர ஒத்தப் பைசா நான் வாங்கல. அந்த அரிசிப் பைக்கு அடியில ஒண்ணுமே இல்ல!" என்று கத்தினார்.

அதிகாரி பேனாவைக் கீழே வைத்தார். "சௌத்ரி சாஹிப், எந்த அரிசிப் பை?" என்றார்.

சௌத்ரி தலைப்பாகையைச் சரிசெய்துகொண்டு உட்கார்ந்தார். "அரிசி நல்லாவே இல்ல. குண்டு குண்டா இருந்துச்சு. எங்க வீட்ல யாரும் சாப்பிடல" என்றார். ஊரே சிரித்தது. உன் அப்பா மட்டும் சிரிக்கவில்லை. "இட்லி அரிசி பின்ன குண்டாத்தான் இருக்கும்" என்று தமிழில் கோபமாகச் சொன்னார். அதிகாரி அதையும் என்னை மொழிபெயர்க்கச் சொல்லிப் பதிவு செய்துகொண்டார்.

சுருக்கமாகச் சொல்கிறேன். எழுத்தில் கொடுத்தேன். பத்திரத்தை ஒதுக்கினார்கள். பக்கத்து ஊர் பத்திரங்களை எடுத்தார்கள். விலை இரண்டு மடங்குக்கு மேல் ஏறியது. கட்டாயமாகப் பிடுங்குவதற்காக அதற்கு மேல் ஆறுதல் தொகை என்று ஒன்று சட்டத்தில் உண்டு, அதுவும் சேர்ந்தது. "ஒன்னக் கட்டினதுக்கு எனக்கு ஆறுதல் தொகை எந்தச் சட்டத்துல வருது?" என்று உன் அப்பா கேட்டார். நான் முத்திரைத்தாள் பாக்கியையும் அபராதத்தையும் கட்டினேன். ஆபீஸிலிருந்து விளக்கம் கேட்டுக் கடிதம் வந்தது. நடந்ததை நடந்தபடி எழுதினேன். கடுமையாக எச்சரித்து விட்டார்கள். பென்ஷன் பிழைத்தது. இருபது எலுமிச்சைக்கும் நர்சரி விலை போட்டுக் கொடுத்தார்கள். விலைச்சீட்டு இருந்ததால் அதில் மட்டும் ஒரு தகராறும் இல்லை.

இதிலிருந்து உனக்கு ஏதாவது சொல்லவேண்டுமே. உன் மேஜைக்கு எதிரே பொய் சொல்கிறவர்கள் வருவார்கள். கன்று நட்டவரும் வருவார், அரிசிப் பை கொண்டுபோனவளும் வருவாள். அவர்கள்மேல் எரிச்சல்படாதே. சொத்தைப் பிடுங்கும்போது மனிதர்கள் அழகாக நடந்துகொள்வதில்லை. உன்னைப் பெற்றவர்களே நடந்துகொள்ளவில்லை. ஆனால் ஃபைலில் இருப்பது உண்மை, ஆள் சொல்வது பொய் என்று மட்டும் நினைத்துவிடாதே. ஃபைலை எழுதியதும் யாரோ ஒரு ஆள்தான். எந்த விலையை எழுதினாலும், எழுதுவதற்கு முன்னால் ஒரு கேள்வி கேள்: இந்தப் பணத்தை வைத்து இவர் இதேபோல ஒரு நிலத்தை எங்கே வாங்குவார்? இடத்தின் பெயரைச் சொல்ல முடிந்தால் அது நியாயமான விலை. சொல்ல முடியாவிட்டால், ஃபைல் எத்தனை சுத்தமாக இருந்தாலும் அது நியாயமில்லை. இந்தக் கேள்வியை என் சர்வீஸில் ஒரு நாள்கூட நான் எழுதியதில்லை.

பணம் வந்த பிறகு ராம்பால் இன்னும் இருபது கிலோமீட்டர் தள்ளி நிலம் வாங்கினார். முன்பிருந்ததைவிடக் கொஞ்சம் குறைவு, தண்ணீர் கொஞ்சம் உப்பு. ஆனாலும் விவசாயிதான், காவல்காரர் இல்லை. புது இடத்துக்கு எங்களைக் கூப்பிட்டார். கட்டில் போட்டு உட்காரவைத்து, டீ கொடுத்தார். என்மேல் கோபம் இல்லையா என்று கேட்டேன். இல்லை என்று தலையாட்டினார். கொஞ்ச நேரம் கழித்து, குத்திக்காட்டாமல், நிஜமாகவே தெரிந்துகொள்ள ஆசைப்பட்டு ஒன்று கேட்டார்.

"பெஹன்ஜி, நீங்க ஆபீஸ்ல இருந்தப்ப எங்கள மாதிரி ஆளுங்க நெறய வந்திருப்பாங்களே. அவங்களுக்காக யாரு எழுந்து நின்னாங்க?"

அந்தக் கேள்விக்கு என்னிடம் பதில் இல்லை, ராசா. உன்னிடம் இருக்கவேண்டும் என்பதற்காகத்தான் இத்தனை பக்கம் எழுதினேன். நாளைக்குக் காலையில் உன் அறைக்கு வெளியே யாராவது பெஞ்சில் உட்கார்ந்திருப்பார்கள். அவர்களை உள்ளே கூப்பிடும்போது, மணியை அடிக்காதே. நீ எழுந்து போய்க் கூப்பிடு.

உன் அம்மா